‘இருதரப்பு மோதல்’ என்று எழுதினால் அமைதி வந்துவிடுமா?

எங்கள் விழுப்புரம் மாவட்டத்தில் ‘அமைதி’ என்ற சொல்லுக்குத் தனி அர்த்தம் உண்டு. தாசில்தார் அலுவலகத்திலிருந்து ‘அமைதிப் பேச்சுவார்த்தைக்கு வரவும்’ என்று தகவல் வந்தால், சேரியில் இருக்கும் பெரியவர்களுக்கு உடனே புரிந்துவிடும், எதையோ விட்டுக்கொடுக்கச் சொல்லப் போகிறார்கள் என்று. அது சுடுகாட்டுப் பாதையாக இருக்கலாம். சாமி ஊர்வலம் எங்கள் தெருவுக்கும் வரவேண்டும் என்ற கோரிக்கையாக இருக்கலாம். கொடுத்த புகாரை வாபஸ் வாங்குவதாகவும் இருக்கலாம். மேசையின் இரண்டு பக்கமும் நாற்காலி போட்டிருப்பார்கள். நடுவில் அதிகாரி. ஒரு காகிதத்தில் கையெழுத்து. மறுநாள் மாவட்டப் பக்கத்தில் நான்கு வரி வரும்: இருதரப்பினரிடையே சுமுக உடன்பாடு ஏற்பட்டதாக.

சாதி வன்முறையைத் தமிழ் நாளிதழ்களின் மாவட்டப் பக்கங்கள் எந்த மொழியில் எழுதுகின்றன என்பதுதான் என் முனைவர் பட்ட ஆய்வு. மூன்று வருடமாகப் பழைய தாள்களைப் புரட்டிக்கொண்டிருக்கிறேன். தூசியால் வந்த இருமல் போக, எனக்குக் கிடைத்தது ஒரு சிறிய சொல்பட்டியல். ‘இருதரப்பு’, ‘மோதல்’, ‘பதற்றம்’, ‘ஒரு பிரிவினர்’, ‘மாற்றுச் சமூகத்தினர்’, ‘அசம்பாவிதம்’, ‘போலீஸ் குவிப்பு’. இந்த ஏழெட்டுச் சொற்களை வைத்துக்கொண்டு எந்த ஊரில் நடந்த எந்த வன்கொடுமையையும் எழுதிவிடலாம். ஊர்ப் பெயரை மாற்றினால் போதும்.

மேல்பாதியை எடுத்துக்கொள்வோம். விழுப்புரத்துக்குப் பக்கத்தில் இருக்கும் ஊர். 2023 ஏப்ரலில் அங்குள்ள தர்மராஜா திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவின்போது உள்ளே சென்றதற்காகத் தலித்துகள் தாக்கப்பட்டார்கள். மறியல், புகார், சுற்றுச்சுற்றாகப் பேச்சுவார்த்தை. எதிலும் முடிவு வரவில்லை. ஜூன் 7 அன்று வருவாய்க் கோட்டாட்சியர் கோயிலைப் பூட்டி சீல் வைத்தார். 2024 மார்ச்சில் உயர் நீதிமன்ற உத்தரவின்படி பூசாரி மட்டும் உள்ளே போய்ப் பூசை செய்யக் கதவு திறந்தது. 2025 ஏப்ரல் 17 அன்றுதான் போலீஸ் பாதுகாப்போடு தலித் மக்கள் உள்ளே நுழைந்தார்கள். இடையில் 22 மாதம்.

சீல் வைக்கப் பயன்பட்ட சட்டப்பிரிவைக் கவனியுங்கள். குற்றவியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 145. நிலம், நீர், எல்லை இவற்றின் அனுபவம் யாருக்கு என்பதில் தகராறு வந்து, அதனால் அமைதி குலையும் என்று தெரிந்தால் நிர்வாக நடுவர் தலையிடுவதற்கான பிரிவு அது. வரப்புத் தகராறுக்கும் கிணற்றுத் தகராறுக்கும் எழுதிய சட்டம். அதன் கண்ணுக்கு எப்போதும் இரண்டு தரப்பு உண்டு, இரண்டும் சமம். ஆனால் மேல்பாதியில் இருந்தது வரப்புத் தகராறா? ஒரு பக்கம் உரிமை. மறுபக்கம் அந்த உரிமையை மறுக்கும் குற்றம். தீண்டாமையை அரசியல் சாசனத்தின் 17-ஆவது பிரிவு ஒழித்துவிட்டது. சென்னை மாகாணத்தில் கோயில் நுழைவு அனுமதிச் சட்டம் 1947-இலேயே வந்துவிட்டது. வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 1989-இல் வந்தது. இத்தனையும் இருக்க, வரப்புச் சட்டத்தை எடுத்து நீட்டியது நிர்வாகம். ஊடகங்களில் பெரும்பாலானவை அந்த மொழியை அப்படியே வாங்கிக்கொண்டன. வழிபாட்டில் ‘இருதரப்பினர் பிரச்சினை’ என்றார்கள். அடித்தவருக்கும் அடிபட்டவருக்கும் இடையில் நடந்ததற்குப் பெயர் பிரச்சினையா?

(‘அந்தக் கோயிலுக்குள் போய் என்ன கிடைக்கப்போகிறது?’ என்று நம் தோழர்களே கேட்பார்கள். நாசிக்கில் காலாராம் கோயிலுக்காக 1930-இல் சத்தியாகிரகம் தொடங்கிய அம்பேத்கரும் பின்னாளில் இந்துமதத்தை விட்டே வெளியேறினார் என்பது எனக்கும் தெரியும். சாமி கும்பிடுவதா வேண்டாமா என்பதைக் கும்பிடப்போகிறவர் முடிவு செய்யட்டும். வாசலில் நின்று மறிக்கிறவர் முடிவு செய்யக்கூடாது.)

இந்த மொழி எங்கே தயாராகிறது? திண்டிவனம் பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு டீக்கடையில் பகுதிநேரச் செய்தியாளர் ஒருவரோடு பலமுறை பேசியிருக்கிறேன். இருபது வருட அனுபவம். நல்ல மனிதர். “ஏம்மா, நான் தாக்குதல்னுதான் அனுப்பறேன். காலையில பேப்பர பாத்தா மோதல்னு இருக்கு. யாரப் போய்க் கேக்கறது?” என்றார். மெல்ல மெல்ல மீதியும் வந்தது. அவருக்கு மாதச் சம்பளம் கிடையாது. அச்சாகும் செய்திக்கு இவ்வளவு என்று ஒரு சிறு தொகை. வருமானம் என்று சொன்னால் பொங்கல், தீபாவளி, தலைவர்கள் பிறந்தநாள் விளம்பரங்களில் கிடைக்கும் கமிஷன்தான். அந்த விளம்பரத்தைத் தருகிறவர் யார்? ஒன்றியச் செயலாளர், ரைஸ் மில்காரர், கல்யாண மண்டபம் வைத்திருப்பவர். சேரியில் மண்டபம் வைத்திருப்பவர் எத்தனை பேர் இருக்கிறார்கள்?

அடுத்தது காவல் நிலையம். செய்திக்கு ஆதாரம் எஃப்.ஐ.ஆர்.தான். தலித்துகள் புகார் கொடுத்த அன்றே, சில சமயம் அதற்கு முன்னாலேயே, எதிர்த்தரப்பிடமிருந்து ஒரு புகார் வாங்கி எதிர்வழக்கு போடுவது இங்கே ஊரறிந்த நடைமுறை. பிறகு நிலையத்தில் சொல்வார்கள்: “ரெண்டு பக்கமும் கேஸ் போட்டாச்சு.” செய்தியாளர் எழுதுவார்: இருதரப்பைச் சேர்ந்த இத்தனை பேர் மீது வழக்கு. அவர் பொய் எழுதவில்லை. வழக்கு இருதரப்பிலும் இருக்கத்தான் செய்கிறது. ஆனால் படிக்கிறவர் மனதில் இரண்டு முரட்டுக் கும்பல் ஒன்றையொன்று அடித்துக்கொண்ட சித்திரம் உருவாகிவிடுகிறது. சமரசத்துக்குக் கூப்பிடும்போது அதே எதிர்வழக்குதான் மேசைமேல் வைக்கப்படும். நீங்கள் வாபஸ் வாங்கினால் அவர்களும் வாபஸ் வாங்குவார்கள் என்று.

மேலே ஆசிரியர் குழு எப்படி இருக்கிறது என்பதற்கு ஒரு கணக்கு உண்டு. ஆக்ஸ்ஃபாம் இந்தியாவும் நியூஸ்லாண்டரியும் 2019-இல் வெளியிட்ட ஆய்வு ஆங்கில, இந்தி ஊடகங்களைப் பார்த்தது. தலைமைப் பொறுப்புகள் 121. அதில் 106 பேர் உயர்சாதியினர். பட்டியல் சாதியினரோ பழங்குடியினரோ ஒருவர்கூட இல்லை. 1996-இலேயே பி. என். உனியால் என்ற பத்திரிகையாளர் டெல்லியில் ஒரு தலித் பத்திரிகையாளரைத் தேடி அலைந்து, கிடைக்காமல், அதையே கட்டுரையாக எழுதினார். தேடலின் முடிவு இன்றும் பெரிதாக மாறிவிடவில்லை.

‘மோதல்’ மொழிக்கு ஊடகத்தார் சொல்லும் நியாயமும் ஒன்று இருக்கிறது. அதைத் தள்ளிவிட முடியாது. சாதிப் பெயரைப் போட்டால் கலவரம் பரவும் என்கிறார்கள். இந்தியப் பத்திரிகை கவுன்சிலின் நெறிமுறைகளும் சாதி அடையாளத்தைத் தேவையில்லாமல் குறிப்பிடுவதைத் தவிர்க்கச் சொல்கின்றன. வகுப்புக் கலவரங்களில் பாதிக்கப்பட்டவர்களின் கணக்கைச் சமூகவாரியாகப் போட்டுப் பதற்றத்தைக் கூட்டக்கூடாது என்கின்றன. இது வெறும் பயம் இல்லை. 1994-இல் ருவாண்டாவில் ஆர்.டி.எல்.எம். வானொலி டுட்சி மக்களைக் கரப்பான்பூச்சிகள் என்று அழைத்து, கொல்லத் தூண்டியது. அதில் பங்குவகித்த ஊடகக்காரர்களை 2003-இல் சர்வதேசத் தீர்ப்பாயம் இனப்படுகொலைக் குற்றவாளிகள் என்று தீர்த்தது. ஒலிபெருக்கி எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு அதுவே சாட்சி.

ஆனால் நம் ஊடகங்கள் எப்போது வாயை மூடுகின்றன, எப்போது திறக்கின்றன என்று பார்த்தால் இந்த நெறிமுறைமேல் இருக்கும் மரியாதை புரிந்துவிடும். 2012 நவம்பர் 7 அன்று தருமபுரி மாவட்டத்தில் நத்தம், அண்ணா நகர், கொண்டம்பட்டி குடியிருப்புகள் எரிக்கப்பட்டன. அதற்குப் பிந்தைய மாதங்களில் பா.ம.க. நிறுவனர் ராமதாஸ், தலித் இளைஞர்கள் ஜீன்ஸும் டி-ஷர்ட்டும் கூலிங்கிளாஸும் போட்டுக்கொண்டு மற்ற சாதிப் பெண்களை மயக்குகிறார்கள் என்று பேசினார். ‘நாடகக் காதல்’ என்ற சொல் அச்சிலும் திரையிலும் தாராளமாகப் புழங்கியது. எத்தனை வழக்கு, எந்த ஊர், என்ன ஆதாரம் என்று கேட்காமல், ‘அவர் கருத்து இது, இவர் கருத்து அது’ என்று விவாத மேடை போட்டார்கள். வீடு எரிந்தவர் ஒரு தரப்பு, எரிந்தது நியாயம்தான் என்று சொல்ல வந்தவர் இன்னொரு தரப்பு. அப்போது மட்டும் பதற்றம் பரவும் என்ற கவலை யாருக்கும் வரவில்லை. 2013 ஜூலை 4 அன்று இளவரசன் தண்டவாளத்தோரம் பிணமாகக் கிடந்தார். அதுவரை அந்த இரண்டு பிள்ளைகளின் வாழ்க்கையைக் கேமராக்கள் கிரிக்கெட் மேட்ச்போல விடாமல் துரத்தின.

அமைதி இதழியல் என்ற கருத்தை முன்வைத்த நார்வேக்காரர் யொஹான் கால்டுங் இதைத்தான் சொன்னார். சண்டையைப் பற்றிய செய்தி விளையாட்டுச் செய்தியைப் போல எழுதப்படுகிறது, யார் ஜெயிக்கிறார் என்பதே அங்கே கேள்வி. அதை மருத்துவச் செய்தியைப் போல எழுத வேண்டும் என்றார். ஒருவருக்குக் காசநோய் என்றால் நோய்க்கும் நோயாளிக்கும் சம இடம் கொடுத்து எழுதமாட்டோம். எதனால் வந்தது, எப்படிப் பரவுகிறது, என்ன மருந்து, தடுக்க என்ன வழி என்று எழுதுவோம். வன்முறை நடக்காமல் இருப்பது மட்டும் அமைதி ஆகாது, அநீதியான ஏற்பாடு நீங்கினால்தான் அமைதி என்று அவர் பிரித்துக் காட்டினார். அம்பேத்கரைப் படித்தவர்களுக்கு இது புதிய செய்தி இல்லைதான். ஆனாலும் இதழியல் வகுப்புகளில் கால்டுங் பெயரைச் சொன்னால் காது கொடுக்கிறார்கள், அம்பேத்கர் 1920-இல் ‘மூக்நாயக்’ பத்திரிகை தொடங்கினார் என்று சொன்னால் ‘அது சமூகப்பணி’ என்கிறார்கள். அதற்கும் முன்னால், 1893-இல், நம் மதுராந்தகம் பக்கத்தில் பிறந்த இரட்டைமலை சீனிவாசன் ‘பறையன்’ என்ற பெயரிலேயே பத்திரிகை நடத்தினார். 1907-இல் அயோத்திதாசர் ‘ஒரு பைசாத் தமிழன்’ தொடங்கினார். ஒரு சமூகத்தின் பெயரைச் சொன்னால் கலவரம் வரும் என்று அவர்கள் நினைக்கவில்லை.

நம் பக்கத்துக் கணக்கையும் பார்க்க வேண்டும். 2013 ஏப்ரல் 25 அன்று, மாமல்லபுரம் சித்திரை முழுநிலவு விழாவுக்கு வண்டிகள் போய்க்கொண்டிருந்தபோது மரக்காணத்தில் வன்முறை வெடித்தது. தலித் மக்களின் வீடுகள் எரிந்தன, பேருந்துகளும் எரிந்தன, உயிர்களும் போயின. அப்போது நான் திண்டிவனத்தில் இளங்கலை படித்துக்கொண்டிருந்தேன். கை நடுங்க, கோபத்தோடு, எரியும் குடிசைகளின் படம் ஒன்றை முகநூலில் பகிர்ந்தேன். ‘மரக்காணம் எரிகிறது’ என்று எழுதினேன். நூற்றுக்கணக்கில் பகிரப்பட்டது. அது மரக்காணத்துப் படம் இல்லை. முந்தைய வருடத் தருமபுரிப் படம். இரண்டு நாளில் எதிர்ப்பக்கத்து ஆட்கள் அதைக் கண்டுபிடித்து, ‘பாருங்கள், இவர்கள் சொல்வதெல்லாம் இப்படித்தான்’ என்று என் பதிவின் ஸ்கிரீன்ஷாட்டைச் சுற்றுக்கு விட்டார்கள். நிஜமாக எரிந்த வீடுகளும் அந்த ஒரு பொய்ப் படத்தோடு சேர்ந்து பொய்யாக்கப்பட்டன. மரக்காணத்தில் வீடு இழந்த ஒருவர் எங்கள் கல்லூரித் தோழரின் சொந்தக்காரர். அவர் என்னைத் திட்டவில்லை. “உண்மையான படமே எங்ககிட்ட இருந்துச்சே, கேட்டிருக்கலாமே” என்று மட்டும் சொல்லியனுப்பினார். இன்றும் ஒரு படத்தைப் பகிரும் முன் அந்த வார்த்தை ஞாபகம் வரும்.

அவமானத்தின் படங்களைப் பற்றியும் யோசிக்க வேண்டியிருக்கிறது. 2021 மே மாதம் திருவெண்ணெய்நல்லூர் பக்கம் ஒட்டனந்தலில், ஊரடங்கு நேரத்தில் திருவிழா நடத்தியதற்காகத் தலித் பெரியவர்கள் மூன்று பேரைப் பஞ்சாயத்தில் காலில் விழவைத்தார்கள். 2025 செப்டம்பரில் திண்டிவனம் நகராட்சி அலுவலகத்தில் தலித் ஊழியர் ஒருவர் காலில் விழவைக்கப்பட்டதாகக் குற்றச்சாட்டு எழுந்து, காணொளி பரவியது. படம் பரவியதால்தான் நடவடிக்கை என்ற பேச்சாவது வந்தது, மறுக்கவில்லை. ஆனால் அந்தப் பெரியவர்களின் பேரப்பிள்ளைகள் கைப்பேசியில் அந்தப் படம் இன்னும் எத்தனை வருடம் வந்துகொண்டிருக்கும்? விழுந்தவரின் முகத்தை மறைத்துவிட்டு, நின்றுகொண்டிருந்தவர்களின் முகத்தைக் காட்ட ஏன் நமக்குத் தோன்றுவதில்லை? நம் தளங்களும் இதில் விதிவிலக்கில்லை.

என் ஆயாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. 1978-ஐ அவர் மறந்ததில்லை. அந்த ஜூலையில் விழுப்புரம் நகரில் 12 தலித்துகள் கொல்லப்பட்டார்கள். எங்கம்மாவுக்கு அப்போது எட்டு வயது. ஆவணங்களிலும் பத்திரிகைகளிலும் அதற்கு ‘விழுப்புரம் கலவரம்’ என்று பெயர். ஆயா ஒருநாளும் கலவரம் என்று சொல்லிக் கேட்டதில்லை. “நம்ம ஆளுங்கள அடிச்சுக் கொன்ன வருசம்” என்பார். என் ஆய்வேட்டின் இரண்டாம் அத்தியாயம் முழுக்க இந்த இரண்டு பெயர்களுக்கு நடுவில்தான் இருக்கிறது. எழுதி முடித்தபோது அவருக்கு வாசித்துக் காட்டினேன். பாதியில் தூங்கிவிட்டார்.

அதே மாவட்டத்துக்கு இன்னொரு நினைவும் உண்டு. 1987 செப்டம்பரில் தனி இடஒதுக்கீடு கேட்டு வன்னியர் சங்கம் ஒரு வாரம் சாலை மறியல் நடத்தியது. 21 பேர் உயிரிழந்தார்கள், பலர் துப்பாக்கிச்சூட்டில். ஏழை விவசாயக் குடும்பத்துப் பிள்ளைகள். 1989-இல் மிகவும் பிற்படுத்தப்பட்டோருக்கு 20 சதவீதம் கிடைத்தது. அவர்களுக்கு விழுப்புரத்தில் 2025 ஜனவரியில் அரசு மணிமண்டபம் திறந்திருக்கிறது. நியாயமானதுதான். அதே மறியல் நாட்களில் எரிந்த தலித் குடிசைகளுக்கு மண்டபமும் இல்லை, பேச்சும் இல்லை. அரசின் குண்டுக்குப் பலியான கூலிக்காரரின் வலியையும், அந்தக் கூலிக்காரரின் சொந்தக்காரரால் எரிக்கப்பட்ட கூரையையும் ஒரே கட்டுரையில் வைத்து எழுதிய மாவட்டப் பக்கம் எதையும் என் தேடலில் நான் பார்க்கவில்லை. இரண்டையும் சேர்த்து எழுதினால்தான், இந்த இரண்டு உழைக்கும் சாதிகளை எதிரெதிரே நிறுத்துவதில் யாருக்கு ஓட்டு, யாருக்கு லாபம் என்ற கேள்வி வரும். வன்னிய இளைஞர்களும் படிக்கும்படி அதை எழுத முடியுமா? முடியும் என்றுதான் நினைக்கிறேன். மேல்பாதி மாதிரியான ஊர்களில் ‘போனால் போகட்டும், எல்லாரும் கும்பிடட்டும்’ என்று வீட்டுக்குள் சொல்லும் சாதி இந்துக்கள் இருக்கத்தான் செய்கிறார்கள். அவர்கள் வெளியே வந்து பேச முடியாமல் தடுப்பது எது என்று விசாரிப்பதும் செய்திதான். ஊர்க்கட்டுப்பாடு அவர்கள் கழுத்தையும் நெரிக்கிறது.

சாதிப் பெயரைக் கொட்டை எழுத்தில் போடுவதல்ல நான் கேட்பது. யார் செய்தார், யாருக்குச் செய்தார், எந்தச் சட்டப்படி அது குற்றம், இந்த மூன்றும் முதல் பத்தியில் வரட்டும். வன்கொடுமை வழக்கை டி.எஸ்.பி. நிலை அதிகாரிதான் விசாரிக்க வேண்டும் என்று 1995 விதிகள் சொல்கின்றன, விசாரித்தாரா? நிவாரணத் தொகையின் முதல் தவணை வந்ததா? எதிர்வழக்கு எத்தனை மணிக்குப் பதிவானது? விழுப்புரத்திலேயே வன்கொடுமை வழக்குகளுக்குச் சிறப்பு நீதிமன்றம் இருக்கிறது. வாரம் ஒருநாள் போய் உட்கார்ந்தால், எத்தனை சாட்சிகள் பிறழ்கிறார்கள், ஏன் பிறழ்கிறார்கள் என்று தெரியும். இதற்கெல்லாம் துணிச்சல்கூட வேண்டாம், பஸ் காசு போதும்.

இன்னொன்று, வன்முறை முன்கூட்டியே சொல்லிவிட்டு வருகிறது. திருவிழாவுக்கு மூன்று மாதம் முன்பே, சேரியில் வரி வாங்க மறுப்பார்கள். வரி வாங்கினால் பங்கு கேட்பார்கள் என்று பயம். வெட்டு விழுந்த பிறகு ஓடிவருகிற வேன், வரி மறுத்த அன்று வந்திருந்தால்? மேல்பாதியில் கதவு திறந்த அன்று அத்தனை கேமராக்கள் வந்தன. அடுத்த வாரமும் அங்கே ரேஷன் கடையில், பால் சொசைட்டியில், வயல் வேலையில் இந்த இரண்டு பக்கத்து மக்களும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டுதானே இருந்திருப்பார்கள்? அதை எழுத எத்தனை பேர் போனார்கள்?

போன மாதம் டீக்கடை அண்ணன் போன் செய்தார். திண்டிவனம் பக்கத்தில் ஒரு கிராமம், பெயர் வேண்டாம். ஆடித் திருவிழாவுக்கு வரி கொடுக்கப்போன தலித் இளைஞர்களைத் திருப்பியனுப்பிவிட்டார்கள். இன்னும் அடிதடி எதுவும் இல்லை. “இத எப்படிம்மா எழுதறது? ஒண்ணும் நடக்கலயே, போடுவானுங்களா?” என்றார். நடந்திருக்கிறது அண்ணே, வரி மறுத்ததுதான் நடந்தது என்றேன். இரண்டு பேரும் போனிலேயே ஆறு வரி எழுதினோம். யார் மறுத்தார்கள், யாரை, விழாக்குழு என்ன காரணம் சொன்னது, அறநிலையத்துறை ஆய்வாளர் என்ன சொன்னார். ஆய்வாளருக்கு அவர் மூன்று முறை போன் போட்டிருக்கிறார்.

நான்கு வரி வந்தது. ஆய்வாளர் பேரை எடுத்துவிட்டிருந்தார்கள். ‘மோதல்’ என்ற சொல் இல்லை. அன்று மாலையே ஊரிலிருந்து யாரோ அவரைக் கூப்பிட்டு, இந்தப் பொங்கலுக்கு விளம்பரம் கிடையாது என்று சொன்னார்களாம். சிரித்துக்கொண்டேதான் சொன்னார். திருவிழாவுக்கு இன்னும் ஐந்து வாரம் இருக்கிறது.